செல்லக்கனியும் தேரை மோந்த தேங்காயும்

கொட்டாரம் சந்திப்பில் தேங்காய்க்கடை வைத்திருக்கும் செல்லக்கனிக்குக் கோபம் வராத நேரம் என்று ஒன்று உண்டா என விசாரித்ததில், உண்டு என்று சாட்சி சொல்ல ஊரில் எவரும் முன்வரவில்லை. பேருந்து நிற்காமல் போனால் கோபம். நின்றால், கடையை மறைத்துக்கொண்டு நிற்கிறதே என்று கோபம். பேரம் பேசுகிறவர்கள் மேல் கோபம், பேசாமல் வாங்கிப் போகிறவர்கள் மேல் அதைவிடக் கோபம். "துட்டு என்ன மரத்துலயாவே காய்க்கு?" என்று அவர்களைப் பிடித்துக்கொள்வாள். அவளுக்கு மரத்தில்தான் காய்க்கிறது என்பதை எடுத்துச் சொல்லும் துணிவு யாருக்கும் இருந்ததில்லை.

கணவர் மாரடைப்பில் போன பிறகு கடை அவள் கைக்கு வந்தது. மகன் மஸ்கட்டில். இவ்வளவு கோபக்காரியிடம் ஊர் ஏன் தேங்காய் வாங்கியது என்றால், அவள் கொடுத்த காய் கெட்டுப்போனதாகப் பேச்சே கிடையாது. காயை இடதுகையில் ஏந்திக் காதோடு சேர்ப்பாள். வலதுகை நடுவிரலால் ஒரு சுண்டு. அந்தச் சத்தத்தில் காய் தன் வயது, தண்ணீர், பருப்பு எல்லாவற்றையும் ஒப்புக்கொண்டுவிடும். கொட்டாரத்திலிருந்து கன்னியாகுமரி வரைக்கும் கல்யாணம், நிச்சயதாம்பூலம், புதுவீட்டுப் பால்காய்ப்பு எதுவானாலும் குடுமித் தேங்காய் செல்லக்கனி கடையிலிருந்துதான் போகவேண்டும். அவளிடம் சொத்து என்று இருந்தது இந்தப் பெயர் ஒன்றுதான். மற்றபடி தகரக் கொட்டகை, ஒரு தராசு, ஒரு குழல்விளக்கு.

கொட்டகைக்குப் பின்புறம் உரித்துப்போட்ட கதம்பை, அதாவது தேங்காய் மட்டை, மலைபோல் கிடக்கும். அதன் அடியில் எந்நேரமும் ஈரம். ஈரம் இருந்தால் கரையான் வரும், எறும்பு வரும், கரப்பான் வரும். இவை மூன்றும் வந்த இடத்துக்கு அழைப்பிதழ் இல்லாமல் வரும் ஜீவன் தேரை. சொறித்தவளை என்றும் சொல்வார்கள். உடம்பெல்லாம் பரு, கண்ணுக்கு மேலே மை தீட்டியதுபோல் கறுத்த வரம்பு, கண்ணுக்குப் பின்னால் பக்கத்துக்கு ஒன்றாக அவரைவிதை மாதிரி வீங்கிய சுரப்பி. பகல் முழுவதும் கதம்பைக்கு அடியில் பின்னங்காலால் குழி பறித்துக் கிடக்கும். பொழுது சாய்ந்து குழல்விளக்கு எரிந்ததும் ஒவ்வொன்றாக வெளியே வந்து, நேற்று உட்கார்ந்த அதே இடத்தில் உட்காரும். விளக்கில் மோதி விழும் பூச்சியை நாக்கை நீட்டி எடுத்துக்கொள்ளும். முதல் பந்தியில் இடம்பிடித்தவர்களின் அமைதி அதன் முகத்தில் இருக்கும். சில நாள் பழைய தோலைச் சட்டை கழற்றுவதுபோல் கழற்றி, வீணாக்காமல் அதையும் விழுங்கிவிடும். இப்படிச் சிக்கனமாக வாழ்ந்த பிராணியின்மேல்தான் நம் ஊர் வழக்குப் போட்டது.

வழக்கு பழையது. உடைத்த தேங்காயில் பருப்பு இல்லாமல் கறுத்துச் சுருங்கியிருந்தால், "தேரை மோந்துட்டு" என்பார்கள். தேரை முகர்ந்து பார்த்ததால் உள்ளே இருந்தது போய்விட்டதாம். குற்றச்சாட்டு கடுமையானது என்பதால் நிதானமாக ஆராய்வது நம் கடமை. தென்னை எவ்வளவு உயரம் என்பது எல்லோருக்கும் தெரியும். தேரை, செல்லக்கனி கடையின் ஒற்றைப் படியில் ஏற முயன்று மல்லாந்து விழுவதும் எல்லோரும் பார்த்ததுதான். அதற்குப் பல் கிடையாது. அசைகிற பொருளைத்தான் தீனி என்று அதன் கண் கண்டுகொள்ளும். தேங்காய் ஊர்ந்து திரிந்ததாக இதுவரை தகவல் இல்லை. ஆனாலும் அது மரமேறி, மட்டையும் நாரும் ஓடும் துளைபடாமல், மூக்கால் பருப்பை உறிஞ்சிவிட்டு இறங்கிவந்து கதம்பைக்கு அடியில் ஒன்றும் தெரியாததுபோல் படுத்துக்கொள்கிறது என்றால், இத்தனை திறமை உள்ள ஆளை ஊர் இதற்குள் பஞ்சாயத்துத் தலைவராக்கியிருக்க வேண்டும்.

சென்ற வைகாசியில் ஒரு நாள் மாலை பகவதியப்பனின் மகள் அஸ்வதிக்கு நிச்சயதாம்பூலம். பகவதியப்பன் வாழை பயிரிடுகிறவர். அஸ்வதி வடசேரியில் ஒரு மருந்துக்கடையில் வேலை பார்க்கிறாள். மாப்பிள்ளை ஸ்ரீஜித்துக்குப் பெங்களூரில் வேலை. மாப்பிள்ளையின் அப்பா தாணுலிங்கம் கொட்டாரத்திலேயே உரக்கடை வைத்திருக்கிறார். வெற்றிலை, பாக்கு, பழம் எல்லாம் பரப்பி, பெரியவர் ஒருவர் தேங்காயை உடைத்தார். உள்ளே பருப்பு இல்லை. ஓட்டோடு ஒட்டிய கறுப்புச் சவ்வும் கெட்ட வாடையும்தான் இருந்தன.

தாணுலிங்கம் எழுந்து மூடியைக் கையில் வாங்கிப் பார்த்தார். பார்த்தவர் முகத்தில் துக்கம் தெரிந்தது. துக்கத்துக்குக் கீழே ஏதோ ஒரு நிம்மதியும் தெரிந்ததாகப் பின்னால் சிலர் சொன்னார்கள். "தேரை மோந்திருக்கு. இதுக்கு மேல நம்ம கையில ஒண்ணும் இல்ல" என்று சொல்லிவிட்டு, தம் ஆட்களைக் கிளப்பிக்கொண்டு வேனில் ஏறிவிட்டார்.

பகவதியப்பன் பட்டுவேட்டியோடு நேரே செல்லக்கனி கடைக்கு வந்தார்.

"ஏட்டி செல்லக்கனி, நீ நல்லாயிருப்பியா? எம்பிள்ள வாழ்க்கையில மண்ண அள்ளிப் போட்டுட்டியே!"

"என்னவே, வந்ததும் வராததுமா எச்சி தெறிக்கப் பேசுகீரு? காய் மேல தெறிக்கி, தள்ளி நில்லும்."

"காயா? காய்க்குள்ள என்ன இருந்துது தெரியுமா? கரி! தேரை மோந்த காயை எடுத்துத் தந்திருக்கியே, ஒனக்கு மனசாட்சி உண்டா?"

"எங்காயா? தேரை மோந்துதா?" என்று செல்லக்கனி அரிவாளைக் கீழே போட்டாள். "எங்காயில கொறை சொல்லுகதுக்கு இந்த ஊர்ல ஒருத்தன் இனிமேதான் பொறக்கணும்வே!"

"பொறந்தாச்சு. அவன் பேரு தாணுலிங்கம். நிச்சயத்த முறிச்சிட்டுப் போயிட்டான்."

அப்போது பொழுது சாய்கிற நேரம். விளக்கு எரிந்தது. பகவதியப்பனின் காலடியில் தேரை ஒன்று வழக்கமான இடத்தில் வந்து உட்கார்ந்தது. வேடிக்கை பார்க்க நின்றிருந்த கூட்டம் அதைக் கண்டது. அதற்கு மேல் விசாரணை தேவைப்படவில்லை. கொலையாளியே நேரில் வந்து உட்கார்ந்த மாதிரி ஆயிற்று.

உண்மை என்ன என்பது செல்லக்கனிக்குத் தெரியும். அன்று காலையில் பகவதியப்பன் ராகுகாலத்துக்கு முன்னால் போகவேண்டும் என்று அவசரப்படுத்தினார். அதே நேரம் மரமேறுகிறவர் வரமாட்டேன் என்று போனில் சொல்ல, செல்லக்கனி போனைக் காதுக்கும் தோளுக்கும் நடுவே இடுக்கிக்கொண்டு அவரைக் கிழித்துக்கொண்டிருந்தாள். விரல் சுண்டியது. ஆனால் காயைக் கேட்கவேண்டிய காதில் மரமேறுகிறவர் இருந்தார். கேட்காமல் கொடுத்த காய் அது. இதை அவள் ஒருவரிடமும் சொல்லவில்லை. தேரைதான் மோந்தது என்று மற்றவர்களைப்போலத் தானும் நம்பிவிட முயன்றாள். அதில் பாதி வெற்றியும் பெற்றாள்.

ஊர் முழு வெற்றி பெற்றது. பக்கத்துத் தேங்காய்க்கடை முருகதாஸ் மறுநாளே ஃப்ளெக்ஸ் வைத்தான்: 'தேரை அண்டாத ஒரே கடை'. அவன் கடைக்குப் பின்னாலும் தேரை உண்டு. அவன் விளக்கை அணைத்துவிடுகிறான், அவ்வளவுதான். செல்லக்கனி கடைக்கு வருகிறவர்கள் காயைப் பார்க்காமல் கதம்பைக் குவியலை எட்டிப்பார்த்துவிட்டுப் போனார்கள். சமையலுக்கு வாங்கினார்கள். சாமிக்கும் கல்யாணத்துக்கும் வாங்கவில்லை.

செல்லக்கனி தேரைகளின்மேல் போர் தொடுத்தாள். கையில் பிளாஸ்டிக் பையை மாட்டிக்கொண்டு கதம்பையைக் கிளறி ஒவ்வொன்றாகப் பிடித்துச் சாக்கில் போட்டாள். "சவத்து மூதி, தின்னுட்டுக் கெடக்க எடத்துலயே வேலையக் காட்டுகியா?" என்று ஒவ்வொன்றுக்கும் தனித்தனியே வசவு. பெரியது ஒன்று பிடிபட்டதும் காற்றை உறிஞ்சிப் பந்துபோல உப்பி, பின்பக்கத்தைத் தூக்கிக் காட்டியது. அவள் விடாமல் அமுக்கவே, கண்ணுக்குப் பின்னால் இருந்த சுரப்பியிலிருந்து பால்போல் ஒன்று கசிந்தது. அது பிளாஸ்டிக் பையின் ஓட்டை வழியாக விரலுக்கு வந்தது, விரல் கண்ணுக்குப் போனது. ஒரு பகல் முழுக்க ஒற்றைக்கண்ணோடு வியாபாரம் செய்தாள். அன்று கடைக்கு வந்தவர்கள் வாங்கிய வசவைக் கணக்கில் சேர்க்கக்கூடாது.

சாக்கைக் கொண்டுபோய் வயலுக்கு அப்பால் வாய்க்கால் கரையில் கொட்டிவிட்டு வந்தாள். அடுத்தடுத்த மாலைகளில் ஒன்றிரண்டாகத் திரும்பி வந்தன. மடைக்கு இந்தப் பக்கம், சாலைக்கு இந்தப் பக்கம், கடைசியில் விளக்கின் கீழ். அதற்குள் ஆனிச் சாரல் பிடித்துக்கொண்டது. கொட்டகைக்குப் பின்னால் தேங்கிய தண்ணீரில் ஆண் தேரைகள் தொண்டையைக் குமிழாக ஊதிக் கச்சேரி வைத்தன. அது முடிந்தபோது, கறுப்புமணி கோத்த கண்ணாடிச் சரம்போல நீளநீளமாக முட்டை, புல்லைச் சுற்றிக் கிடந்தது. விரட்டப்போன இடத்தில் குடும்பமே பெருகிவிட்டது. செல்லக்கனி இடுப்பில் கைவைத்து நின்று பார்த்தாள். அவளுக்கே திட்ட வார்த்தை கிடைக்காத முதல் சந்தர்ப்பம் அது.

அந்த வாரத்தில் ஒரு நாள், வடசேரி பேருந்திலிருந்து இறங்கி அஸ்வதி கடைக்கு வந்தாள். குடையை மடக்கினாள். உட்காரவில்லை.

"அத்தே, ஒண்ணு கேப்பேன். உள்ளதச் சொல்லணும். அன்னைக்கு அந்தக் காயைச் சுண்டிப் பாத்தியளா?"

"ஏட்டி, யாருகிட்ட என்ன கேக்க? நான் சுண்டாமயா..."

"எனக்கு அந்தப் பெங்களூர்க்காரன் போனதுல ஒரு சங்கடமும் கெடையாது, அத்தே. குவைத்துல நர்ஸா இருக்க ஒரு பிள்ளைய அவனுக்குப் பேசி முடிச்சாச்சு. பேச்சு எங்க நிச்சயத்துக்கு முந்தியே நடந்துட்டிருந்துதாம். எப்படிடா நம்மளக் களத்தி விடலாம்னு நெனச்சவ்வோளுக்கு உங்க தேங்கா கெடச்சுது. போட்டும், சனியன் விட்டுது."

"பொறவு என்னட்டி?"

"வடசேரியில இருந்து என்னைப் பாக்க வாறதா இருந்தவ்வோ, வரலேன்னு நேத்து போன் பண்ணிட்டாவோ. ஏன்னு அப்பா கேட்டதுக்கு, 'உங்க பிள்ளைக்குத் தேரை தோஷம் உண்டாமே'ங்காவோ. செவ்வா தோஷம் உண்டு, ராகு தோஷம் உண்டு. இந்தத் தேரை எந்தக் கட்டத்துல இருக்கு அத்தே? கடையில சாமான் வாங்க வாறவளுவோ எல்லாம் 'தேரை மோந்த பிள்ள'ன்னு எம்மூஞ்சியப் பாத்து ரகசியம் பேசுகாளுவோ. முந்தாநாள் வரைக்கும் தேங்காயத்தான் மோந்துது. இப்போ என்னை மோந்துட்டு."

செல்லக்கனி தராசுத் தட்டைப் பார்த்துக்கொண்டு நின்றாள். சுண்டினேன் என்று சொன்னால் பெண்ணுக்குத் தோஷம். கேட்காமல் கொடுத்தேன் என்று சொன்னால் இருபது வருஷத்துப் பெயர் போய்விடும். அதன் பிறகு ஒரு நல்ல காரியத்துக்கும் தேங்காய் இங்கிருந்து போகாது.

"காது போன்ல இருந்துது மக்கா" என்றாள்.

அஸ்வதி குடையை விரித்துக்கொண்டு போய்விட்டாள். திட்டியிருந்தால் செல்லக்கனிக்குத் தாங்கியிருக்கும். திருப்பித் திட்டவாவது வழி இருந்திருக்கும்.

மறுநாள் காலை, கடைகள் திறந்து வியாபாரம் சூடான நேரத்தில், செல்லக்கனி ஒரு கையில் வாளியும் மறுகையில் குடுமித் தேங்காயும் அரிவாளுமாகத் தாணுலிங்கத்தின் உரக்கடைக்குள் நுழைந்தாள். வாளியில் ஈரக் கதம்பைக்கு நடுவே, அவள் கண்ணைப் பழுதாக்கிய அதே பெரிய தேரை. வேடிக்கைக்குத் தெருவில் பாதி பின்னாலேயே வந்தது.

தேங்காயைக் கடை நடுவே தரையில் வைத்தாள். எதிரே தேரையைக் கவிழ்த்தாள்.

"தாணுலிங்கண்ணாச்சி, உம்ம தேரை வந்திருக்கு. மோக்கச் சொல்லும். எல்லாரும் பாக்கட்டும்."

"ஏ, என்ன கூத்து இது? யாவாரம் நடக்க எடத்துல..."

தேரை நகர்ந்தது. ஒரு தத்தல், இன்னொரு தத்தல், நேரே தேங்காயை நோக்கி. கூட்டம் மூச்சைப் பிடித்தது. "மோக்கப் போகுது! மோக்கப் போகுது!" என்று பின்னாலிருந்து ஒரு குரல். தேரை தேங்காயை ஒட்டிப் போய், அதன் நிழலில் உடம்பை ஒடுக்கிக்கொண்டு உட்கார்ந்துவிட்டது. பகல் வெளிச்சத்தில் அதற்கு வேண்டியது ஒரு மறைவு. தேங்காய் இல்லாமல் தாணுலிங்கம் கிடைத்திருந்தால் அவர் நிழலில் உட்கார்ந்திருக்கும். ஓர் எறும்பு ஊர்ந்து வந்தது. நாக்கு வந்ததும் போனதும் தெரியவில்லை. எறும்பு இல்லை. தேங்காய் இருந்தது.

செல்லக்கனி காயை எடுத்து ஒரே போடாக உடைத்தாள். வெள்ளைவெளேர் என்று பருப்பு.

"இது வேற தேரை" என்றார் தாணுலிங்கம். கூட்டத்தில் சிலர் தலையாட்டினார்கள். நியாயமாகத்தான் பட்டது.

"வேற தேரையும் இல்ல, ஒரு எழவும் இல்ல" என்று செல்லக்கனி கத்தினாள். "அன்னைக்கு நான் போன்ல சண்ட போட்டுக்கிட்டே காயை எடுத்துக் குடுத்தேன். சத்தத்தக் கேக்கல. தப்பு எங்காதுல. ஏசுகதா இருந்தா என்னை ஏசுங்கோ. அந்தப் பிள்ளையப் பத்தி இனி ஒருத்தி வாயத் தொறந்தா, நான் மனுசியா இருக்கமாட்டேன்."

இப்படி ஒரு வாக்குமூலம் கொட்டாரம் சந்திப்பில் அபூர்வம். ஆனால் எடுபடவில்லை. "அவ பெரிய மனசுல சொல்லுகா, அந்தப் பிள்ளைய விட்டுக்குடுக்காம" என்றார் தாணுலிங்கம் இரக்கத்தோடு. ஒரு மனுஷி தவறு செய்தாள் என்பதை நம்ப ஒருவருக்கும் மனமில்லை. தேரை செய்தது என்றால் எல்லோருக்கும் வசதி. அது திருப்பிப் பேசாது.

அப்போதுதான் கல்லாப்பெட்டி அருகே, தென்னைக்கு உரம் வாங்க வந்து நின்ற சத்தியநேசன் தொண்டையைச் செருமினார். அஞ்சுகிராமம் பக்கம் தோப்பு வைத்திருக்கிறவர். தாணுலிங்கத்தின் தலைக்கு மேல் ஒட்டியிருந்த விளம்பரத் தாளை அண்ணாந்து பார்த்தார். 'தேங்காயில் பருப்பு இல்லையா? சத்துக் குறைவே காரணம்! இன்றே வாங்குங்கள் தென்னை டானிக்.'

"அண்ணாச்சி, ஒரு சந்தேகம். போன மாசம் எங்கிட்ட நீரு ஒரு பெட்டி குடுத்தீரே, இந்த டானிக்கு. பருப்பில்லாத பேட்டுக்காய் விழுகது நிக்கும்னு. அது மரத்துக்கு ஊத்தவா, தேரைக்கு ஊத்தவா?"

கடையில் நின்ற தோப்புக்காரர்கள் எல்லோரும் இப்போது தாளைப் பார்த்தார்கள். பிறகு தாணுலிங்கத்தைப் பார்த்தார்கள். ஒருவர், வாங்கிவைத்திருந்த பெட்டியைச் சத்தமில்லாமல் மேசைமேல் திருப்பி வைத்தார்.

தாணுலிங்கத்துக்கு அது சோதனையான நேரம். தேரை என்றால் டானிக் பொய். டானிக் மெய் என்றால், நிச்சயத்தை முறித்த காரணம் பொய். ஒரு பக்கம் குவைத்து மருமகள், மறுபக்கம் அலமாரி நிறைய சரக்கு. அவர் வியாபாரி. மருமகள் ஏற்கெனவே உறுதியாகிவிட்டாள், சரக்கு இன்னும் விற்கவில்லை.

"சத்துக் கொறைவுதான்" என்றார்.

"கேக்கல, அண்ணாச்சி" என்றாள் செல்லக்கனி. "என் ஒரு காது மோசம்னு இப்பத்தான் சொன்னேன்லா."

"மரத்துக்குச் சத்துக் கொறைவு. தேரையெல்லாம் சும்மா சொல்லுகது."

"பிள்ளைக்கு?"

"பகவதியப்பன் மவளுக்கு ஒரு கொறையும் கெடையாது. போதுமா? இந்தச் சவத்தத் தூக்கிட்டு எறங்கு."

அறிவியல் கொட்டாரத்துக்குள் இப்படியாக, பெட்டிக்கணக்கில் வந்து சேர்ந்தது.

ஊர் புரண்டுகொள்ள நாளாகவில்லை. தேரை விடுதலையானது. பெண்ணும் விடுதலையானாள். ஆனால் உடைந்த காய்க்கு ஒரு குற்றவாளி வேண்டுமே. மிச்சம் இருந்தது, தானே முன்வந்து ஒப்புக்கொண்ட செல்லக்கனிதான். வாக்குமூலம் அப்போதுதான் எல்லோர் காதிலும் ஏறியது. 'காயைக் கேக்காமக் குடுக்கவ' என்றார்கள். அந்தக் கடைத்தெருவில் இதைவிட மோசமான பெயர் கிடையாது. ஆடி கழிந்து ஆவணி முகூர்த்தங்கள் வந்தன. குடுமித் தேங்காய் எல்லாம் முருகதாஸ் கடையிலிருந்து போயின. செல்லக்கனி சட்னிக்கும் குழம்புக்கும் விற்றாள்.

வடசேரிக்காரர்கள் அஸ்வதியைப் பார்த்துப் பேசி முடித்தார்கள். நிச்சயதாம்பூலத்தன்று காலையில் பகவதியப்பன் முருகதாஸ் கடையில் தேங்காய் வாங்கிக்கொண்டு, செல்லக்கனி கடையைத் தாண்டித்தான் போகவேண்டியிருந்தது. பையை மறுபக்கத்துக்கு மாற்றிப் பிடித்துக்கொண்டு வேகமாக நடந்தார்.

"வே, நில்லும்!"

நின்றார். "செல்லக்கனி, தப்பா நெனைக்காத. வீட்டுல பொம்பளையோ ஒத்துக்கிடல, அதுதான்..."

"பையை இங்க வையும்."

"நேரமாச்சு..."

"வையும்வேய்!"

வைத்தார். செல்லக்கனி ஒவ்வொரு காயாக எடுத்து, இடதுகையில் ஏந்தி, காதோடு சேர்த்து, கண்ணை மூடிக்கொண்டு சுண்டினாள். சாலையில் பேருந்து ஒன்று ஒலியெழுப்பியதும், "பொத்துடா வாயை!" என்று அதன் ஓட்டுநரைப் பார்த்துக் கத்திவிட்டு, அந்தக் காயை மறுபடியும் முதலிலிருந்து கேட்டாள். ஒன்றாவது பேடாக இருக்கவேண்டும் என்று அவள் விரும்பினாளா, இருக்கக்கூடாது என்று விரும்பினாளா என்பதை முகத்தைப் பார்த்து ஒருவரும் சொல்லியிருக்க முடியாது. கடைசிக் காயையும் கேட்டுமுடித்தாள். பையைத் திரும்பக் கட்டி, பகவதியப்பனின் நெஞ்சிலே இடிக்கிற மாதிரி நீட்டினாள்.

"எல்லாம் நல்ல காயாத்தான் இருக்கு, எழவு. கொண்டு போவும்!"